அம்மாவை வீட்டில் வைத்துக்கொண்டே வீடு திருத்தித் தந்த மேசன் அண்ணை

வீடு திருத்துகிற வேலைக்கு ஆள் பிடிக்கும்போது நாங்கள் எல்லோரும் கேட்பது இரண்டு கேள்விதான். நாட்கூலி எவ்வளவு, எத்தனை நாளில் முடியும். முதல் முறை நானும் அதைத்தான் கேட்டேன். இரண்டாவது முறை வந்த மேசன், நான் வாய் திறக்க முன்னமே என்னிடம் ஒரு கேள்வி கேட்டார்.

"ரீச்சர், வீட்டில ஆர் ஆர் இருக்கிறியள்? வருத்தக்காரர் ஆரும் உண்டோ?"

வேலை தொடங்க முன்னம் அப்படிக் கேட்ட ஒரு மேசனை நான் அதுவரை கண்டதில்லை. அவரையும் அவரோடு வந்த மூன்று பேரையும் பற்றித்தான் எழுதுகிறேன். அவருக்குக் கடை இல்லை, பெயர்ப்பலகை இல்லை. ஒரு மோட்டார் சைக்கிள், ஒரு கைத்தொலைபேசி, அவ்வளவுதான். ஒரு வீட்டில் வேலை முடிய, பக்கத்து வீட்டுக்காரர் கூப்பிடுவார். தன் பெயரை எழுத வேண்டாம் என்று சொன்னார், அதனால் எழுதவில்லை. ஆனால் அவர் வேலை செய்த முறையை எழுதலாம். வேறு மேசன் பிடிக்கிறவர்களும் அதை வைத்து ஆளை நிதானிக்கலாம்.

எங்கள் வீடு கோண்டாவிலில். 1968 இல் அப்பா கட்டியது. சுண்ணாம்புக்கல் சுவர், பனைமரத் தீராந்தி, ஓட்டுக் கூரை. பின்பக்கத்துக் குசினிப் பத்திக்கு மட்டும் எண்பதுகளில் அஸ்பெஸ்ரஸ் சீற் போட்டது. குசினிக் கூரையை மாற்றவேண்டும், ஹோலுக்கும் அம்மாவின் அறைக்கும் ரைல்ஸ் பதிக்கவேண்டும், பழைய கதவு யன்னல்களுக்குப் பெயின்ற் அடிக்கவேண்டும். இவ்வளவும்தான் வேலை. அம்மாவுக்கு 74 வயது, முப்பது வருடமாகத் தொய்வு, அதாவது ஆஸ்மா. தங்கச்சியின் மகனுக்கு நாலு வயது, பகல் முழுக்க எங்களோடுதான் நிற்பான். வீட்டை விட்டு வேறு இடத்துக்குப் போய் வாடகைக்கு இருக்க எங்களுக்கு வசதி இல்லை. பெரும்பாலான வீடுகளில் இதுதான் நிலைமை. அடுப்பு ஒரு பக்கம், சீமெந்து இன்னொரு பக்கம்.

முதலில் வந்தவர்களைப் பற்றிச் சுருக்கமாகச் சொல்லவேண்டும். வைகாசியில் தொடங்கினார்கள். நான் பள்ளிக்கூடத்தில் நின்ற நேரம், ஹோலுக்குள்ளேயே கிறைண்டரை வைத்து ரைல்ஸ் வெட்டியிருக்கிறார்கள். தண்ணீர் இல்லை, மறைப்பு இல்லை. மூன்றரைக்கு நான் வந்தபோது சுவாமி அறைப் படங்களில் எல்லாம் திருநீறு அப்பினது போல வெள்ளை. அம்மா தன் அறைக் கதவைச் சாத்திவிட்டுத்தான் இருந்திருக்கிறா. கதவின் கீழ் இடைவெளியால் தூசு உள்ளே போய், அலுமாரிக் கால் வரைக்கும் விசிறி விசிறிப் படிந்திருந்தது. அம்மா கட்டில் ஓரத்தில் இரண்டு கையையும் முழங்காலில் ஊன்றிக்கொண்டு இருந்தா. தோள் இரண்டும் ஏறி இறங்கியது. "என்னம்மா" என்று கேட்டேன். "பம்..." என்றா, மூச்சு எடுத்தா, "எடு..." என்றா. தொய்வுக்கு அடிக்கிற பம்மைத்தான் (இன்ஹேலர்) கேட்டா. ஒரு வசனத்தை ஒரே மூச்சில் சொல்ல முடியவில்லை.

தொய்வுக்காரர் உள்ள வீடுகளில் எல்லோரும் தெரிந்துவைக்க வேண்டியது இதுதான். ஆள் முழு வசனம் பேச முடியாமல் இடையில் மூச்சு எடுத்தால், பம் அடித்துவிட்டு ஆறுமோ என்று பார்த்துக்கொண்டு இருக்கக் கூடாது. அது ஆஸ்பத்திரிக்குப் போகிற நேரம். நான் 1990 என்ற இலக்கத்துக்கு அடித்தேன். 2018 இலிருந்து அந்த இலவச அம்புலன்ஸ் வடக்கிலும் ஓடுகிறது. வழியிலேயே ஒட்சிசன் வைத்தார்கள். யாழ்ப்பாணம் போதனா வைத்தியசாலையில் இரண்டு இரவு. நெபுலைசர் வைத்துக்கொண்டே இளம் டொக்டர் பிள்ளை கேட்டா, "வீட்டில என்ன வேலை நடக்குது அம்மா?" அம்மாவின் தலைமயிரில் அப்பவும் தூசு இருந்தது.

திரும்பி வந்து அவர்களோடு கதைத்தபோது, "எல்லா வீட்டிலையும் இப்பிடித்தான் ரீச்சர் வெட்டுறது" என்றார்கள். அது பொய் இல்லை. அவர்கள் கெட்டவர்களும் இல்லை. தங்கள் மூக்குக்கும் ஒரு லேஞ்சியை மட்டும்தான் கட்டியிருந்தார்கள். கணக்கை முடித்து அனுப்பினேன். ஹோல் பாதியில் நின்றது.

ஒன்றரை மாதம் கழித்து, இணுவிலில் இருக்கிற கூடப் படிப்பிக்கிற ரீச்சர் ஒருவர் சொல்லித்தான் இந்த அண்ணையைக் கூப்பிட்டேன். வந்த முதல் நாள் ஒரு சாமானும் கொண்டுவரவில்லை. வீட்டைச் சுற்றி நடந்தார். அம்மாவின் அறையில் நின்று யன்னலைத் திறந்து கையை வெளியே நீட்டிப் பார்த்தார். பிறகு வளவுக்குப் போய் அங்கேயும் அப்படியே கையை நீட்டிப் பார்த்தார்.

"சோழகம் வடிவாப் பிடிச்சிட்டுது. காத்து இந்த மூலையால வருது. அப்ப வெட்டுற வேலை எல்லாம் அங்கால்ப் பக்கம் போகவேணும்."

அங்கால்ப் பக்கம் என்றால் வடகிழக்கு. எங்கள் ஊர் வளவுகளில் ஈசான மூலையில் என்ன இருக்கும் என்று தெரியும்தானே. கிணறு. அதையும் அவரே யோசித்தார். கிணற்றடியை விட்டு, கிழக்கே கேற்றடியில் முருங்கைக்குக் கீழே வெட்டுகிற இடத்தை வைத்தார். அதற்கு அப்பால் ஒழுங்கை, ஒழுங்கைக்கு அப்பால் வெளிநாட்டில் இருக்கிறவர்களின் வெறுங்காணி. யாருடைய வீட்டுக்குள்ளும் தூசு போகாது. கிணற்றுக்குப் பழைய படங்கு ஒன்றைப் போர்த்து, நாலு பக்கமும் கல் வைத்தார். தண்ணீர் அள்ளுகிற நேரம் மட்டும் ஒரு மூலையைத் தூக்கினோம். சீமெந்துச் சட்டி கழுவின தண்ணீரையும் பெயின்ற் தூரிகை கழுவின தண்ணீரையும் கிணற்றடியில் ஊற்ற விடவே இல்லை. எங்கள் நிலத்துக்குக் கீழே இருப்பது வெடிப்பும் ஓட்டையுமான சுண்ணாம்புக்கல். மேலே ஊற்றுவது வடிபட்டுச் சுத்தமாகாமல் நேரே கீழே இறங்கிவிடும். சுன்னாகத்துக் கிணறுகளில் எண்ணெய் மிதந்த கதையைப் பார்த்த ஆட்களுக்கு இதைப் பெரிதாக விளக்கத் தேவையில்லை.

ரைல்ஸ் வேலைக்கு அவர் கொண்டுவந்த சாமான்தான் எனக்கு மிகவும் பிடித்தது. கையால் இழுக்கிற கட்டர். ரைல்ஸை அதில் வைத்து, சின்னச் சில்லால் ஒரு கோடு இழுத்து, பிடியை அமத்தினால் "டக்" என்று கோட்டோடு முறிகிறது. தூசும் இல்லை, சத்தமும் இல்லை. அம்மா கதிரையைப் போட்டு ஒரு மணித்தியாலம் பார்த்துக்கொண்டு இருந்தா. நேர் வெட்டு முழுக்க இதால்தான் செய்தார். மூலைக்கும் குழாய் வருகிற இடத்துக்கும் மட்டும் கிறைண்டர் தேவைப்பட்டது. அதைக் கேற்றடிக்குக் கொண்டுபோய், ஒரு பொடியன் முகமூடி, கண்ணாடி, காதடைப்பு எல்லாம் போட்டுக்கொண்டு, காற்றுக்கு முதுகைக் காட்டி நின்று வெட்டினான்.

நான் விஞ்ஞானம் படிப்பிக்கிறவள். அதனால் இதையும் சொல்லவேண்டும். எங்கள் பழைய சுவரின் சுண்ணாம்புக்கல்லில் சிலிக்கா குறைவு. ரைல்ஸிலும் மணலிலும் கருங்கல்லிலும் அது கூட. கிறைண்டர் அதைக் கண்ணுக்குத் தெரியாத அளவுக்கு அரைத்துவிடும். நாங்கள் காண்கிற வெள்ளைத் தூசை மூக்கும் தொண்டையும் ஓரளவுக்கு மறிக்கும். காணாத தூசுதான் நுரையீரலின் அடி வரைக்கும் போய் அங்கேயே தங்குகிறது. அங்கே அது தழும்பு போட்டால் திரும்ப மாறாது. வீட்டுக்காரருக்கு இது பத்து நாள் வேலை. மேசனுக்கு வாழ்நாள் வேலை. அந்தப் பொடியனுக்கு 21 வயது.

அம்மாவின் அறையைத்தான் முதலில் முடித்தார். அதற்கு நாலு நாள், அந்த நாலு நாளும் அம்மா மானிப்பாயில் தங்கச்சி வீட்டில். ரைல்ஸ் இறுகி, ஈரத்துணியால் இரண்டு தரம் துடைத்து, ஒரு நாள் முழுக்க யன்னலைத் திறந்துவிட்ட பிறகுதான் கூட்டிவரச் சொன்னார். அம்மா வந்ததும் ஹோல் பக்கத்துக் கதவை மொத்தப் பொலித்தீனால் மூடி நாலு ஓரத்துக்கும் ரேப் ஒட்டினார். கீழ் ஓரத்துக்கு மட்டும் ரேப் போதாது என்று ஈரச்சாக்கு ஒன்றைச் சுருட்டி வைத்தார். அறைக்கு வெளிப்பக்கமாக விறாந்தைக் கதவு இருந்தது நல்லதாய்ப் போயிற்று, அம்மா அதால் போய் வந்தா. தென்மேற்கு யன்னல் திறந்தபடி. சோழகம் நேரே அறைக்குள் வரும், வேலை நடக்கிற பக்கத்தைத் தொடாமல்.

பொலித்தீன் கட்டின வீடுகளை நான் வேறும் பார்த்திருக்கிறேன். ஆனால் பின்னேரம் வேலை முடிய எல்லோரும் தும்புத்தடியை எடுத்துக் காய்ந்த நிலத்தைக் கூட்டத் தொடங்கினால், பகல் முழுக்க மறித்த தூசு எல்லாம் பத்து நிமிடத்தில் எழும்பிவிடும். இவர் காய்ந்தபடி கூட்ட விடவில்லை. தச்சுப் பட்டறையிலிருந்து ஒரு சாக்கு மரத்தூள் கொண்டுவந்து, தண்ணீர் தெளித்துப் பிசறி, நிலத்தில் தூவித்தான் கூட்டினார்கள். தூசு அதோடு ஒட்டிக்கொண்டு வந்தது. எங்கள் அம்மம்மா விடியக் காலமை முற்றம் கூட்ட முன்னம் தண்ணீர் தெளிப்பா. அதே யோசனைதான். அம்மா அதைப் பார்த்துவிட்டு, "இவன் ஆரோ நல்ல மனிசியிட்ட வளர்ந்த பிள்ளை" என்றா.

இனி அந்தக் குசினிக் கூரை. மேசனைப் பார்த்து வேலை கொடுக்கிறவர்கள் இந்த இடத்தில்தான் மிகவும் கவனமாக இருக்கவேண்டும் என்று நான் நினைக்கிறேன்.

அஸ்பெஸ்ரஸ் சீற், அதாவது கல்நார் கலந்த சீற், இலங்கை முழுக்கக் கூரைகளில் இருக்கிறது. முழுசாக, உடையாமல் இருக்கிற சீற்றுக்குக் கீழே இருந்து சமைப்பதால் பெரிய ஆபத்து இல்லை. அதை வெட்டும்போது, துளைக்கும்போது, உடைக்கும்போது, பாசி போகக் கம்பித் தூரிகையால் உரஞ்சும்போதுதான் நார் பறக்கிறது. எந்த வகைக் கல்நாரும் புற்றுநோய் வரச் செய்யும் என்பது உலக சுகாதார நிறுவனத்தின் முடிவு. அந்த வருத்தம் இருபது, முப்பது, நாற்பது வருடம் கழித்துத்தான் வெளியே வரும். அதனாலேயே எங்கள் சனம் இதைக் கணக்கெடுப்பதில்லை. இன்றைக்கு உடைத்தவர் நாளைக்கு இருமவில்லையே. அரசாங்கம் இதன் இறக்குமதியை 2018 இலிருந்து நிறுத்தத் திட்டம் போட்டது. 2017 டிசம்பரில் ரஷ்யா எங்கள் தேயிலையைத் தற்காலிகமாக மறிக்க, அந்தத் திட்டம் பின்போடப்பட்டது. ஆகவே இந்தக் கூரைகள் இன்னும் பல வருடத்துக்கு எங்களோடு இருக்கத்தான் போகின்றன. ஒவ்வொன்றையும் யாரோ ஒரு மேசன் ஒரு நாள் கழற்றுவார்.

முதலில் வந்த குழு இந்தக் கூரைக்குச் சொன்ன வழி, "மேல ஏறி மிதிச்சு உடைச்சு உள்ளுக்க விழுத்திறது, அரை நாள் வேலை." இந்த அண்ணை ஒன்றரை நாள் கேட்டார். காலமை ஆறரைக்கு, காற்று பலக்க முன்னம் தொடங்கினார். அதற்கு முதல் நாள் குசினியில் இருந்த அரிசி, மா, சட்டி பானை எல்லாவற்றையும் எடுத்துவிட்டு, நிலம் முழுக்கப் பொலித்தீன் விரித்தார். வெங்காயத்துக்கு மருந்தடிக்கிற, முதுகில் போடுகிற மெசின் தெரியும்தானே. அதில் ஒன்று அவரிடம் இருந்தது. "இதில மருந்து ஒருநாளும் ஊத்தினதில்லை, கூரைக்கெண்டே வாங்கினது" என்று நான் கேட்காமலே சொன்னார். தண்ணீரில் சட்டி கழுவுகிற சவுக்காரத் திரவம் கொஞ்சம் கலந்து, சீற்றுக்கு மேலும் கீழும் பூந்தூறலாக அடித்தார். பலமாகப் பீச்சினால் அதுவே நாரைக் கிளப்பும். சவுக்காரம் கலந்தால் தண்ணீர் வழிந்து ஓடாமல் ஊறும்.

கொக்கி ஆணிகள் எல்லாம் கறள் பிடித்துப் போயிருந்தன. வழக்கமாகச் சுத்தியலால் அடித்துச் சீற்றோடு பிய்த்து எடுப்பார்கள். இவர் பெரிய கம்பி வெட்டுகிற கத்தரியைக் கொண்டுவந்து, சீற்றுக்குக் கீழ்ப்பக்கம் ஆணியின் கழுத்தை வெட்டினார். ஒவ்வொரு சீற்றையும் இரண்டு பேர் தூக்கி, இரண்டு பேர் கீழே நின்று வாங்கினார்கள். சீற்றின் மேல் ஒருவரும் கால் வைக்கவில்லை, பலகை போட்டு அதன் மேல்தான் நின்றார்கள். பழைய சீற் ஆளின் பாரத்தைத் தாங்காது. அதால் கீழே விழுந்தவர்கள் எங்கள் ஊரிலேயே இருக்கிறார்கள். 22 சீற்றில் 20 முழுசாக இறங்கியது. ஏற்கெனவே வெடித்திருந்த இரண்டுதான் முறிந்தது. முறிந்த இடத்துக்கு உடனே தண்ணீர் அடித்தார்கள், துண்டுகளைக் கையால் பொறுக்கிப் பொலித்தீன் பைக்குள் போட்டார்கள்.

முகமூடி விஷயத்தில் நான்தான் பிடிவாதமாக நின்றேன். கொரோனாக் காலத்தில் போட்ட நீலத் துணி முகமூடி இதற்கு ஒன்றுக்கும் உதவாது. சீமெந்துத் தூசுக்கும் ரைல்ஸ் தூசுக்கும் என்95 போதும். கல்நாருக்கு அதுவும் காணாது, எஃப்எஃப்பி3 அல்லது பி100 என்று போட்டது வேண்டும். கொழும்பில் இருக்கிற தம்பியிடம் சொல்லி எடுப்பித்தேன். வந்த மூன்று பேரில் ஒரு பொடியனுக்கு அடர்த்தியான தாடி. தாடிக்கு மேலே போட்டால் முகமூடி எதுவானாலும் ஓரத்தால் காற்று போகும். இரண்டு கையாலும் முகமூடியை மூடிப் பிடித்து ஊதிப் பார்க்கச் சொன்னேன். கன்னத்தால் காற்று வந்தது. அண்ணை அவனைப் பார்த்து, "தம்பி, ரீச்சர் சொல்லுறது சரி. ஒண்டில் தாடி, ஒண்டில் கூரை" என்றார். அடுத்த நாள் காலமை முழுக்கச் சிரைத்துவிட்டு வந்து நின்றான். எனக்கு மனசுக்குள் பெரிய ஆறுதல்.

வேலை முடிய எல்லோரும் கிணற்றடிக்கு அப்பால் நின்று உடுப்போடு தலையில் தண்ணீர் ஊற்றி, அந்த உடுப்பைக் கழற்றிப் பைக்குள் கட்டிவிட்டு, வேறு சாறம் மாற்றித்தான் வீட்டுக்குப் போனார்கள். உடுப்போடு நார் வீட்டுக்குப் போய், அதைத் தோய்த்த மனைவிமாருக்கு வருத்தம் வந்த கதைகள் உலகத்தில் நிறைய உண்டு.

கழற்றின சீற்றைக் கோழிக்கூட்டுக்குக் கேட்டு இரண்டு பேர் வந்தார்கள். கொடுக்கவில்லை. அதற்காக ஒருவர் கோபம். கொடுத்தால் அவர் வெட்டுவார், ஆணி அடிப்பார், கூடு கட்டுகிற இடத்தில் பிள்ளைகள் விளையாடும். உடைந்த துண்டை ஒழுங்கைப் பள்ளத்துக்குப் போடுகிறவர்களையும் கண்டிருக்கிறேன், வாகனம் ஏற ஏற அது மாவாகும். எங்களுடையது இரண்டு மடிப்புப் பொலித்தீனில் சுற்றி, "கல்நார், உடைக்கவேண்டாம்" என்று எழுதி, பின் மதிலோரம் அடுக்கிக் கிடக்கிறது. எங்கே ஒப்படைக்கலாம் என்று கேட்டுக் கடிதம் எழுதியிருக்கிறேன்.

கதவு யன்னல் பெயின்ற் பற்றி அதிகம் சொல்ல இல்லை. ஆனால் சின்னப் பிள்ளை இருக்கிற வீடுகள் ஒன்றைக் கவனியுங்கள். பழைய எனாமல் பெயின்ற்றில் ஈயம் இருக்கும். இலங்கையில் பெயின்ற்றில் ஈயத்துக்கு எல்லை வந்ததே 2013 இல்தான். எங்கள் கதவுகளில் 1968 இலிருந்து அடித்த பெயின்ற் ஒன்றின் மேல் ஒன்றாக ஐந்து நிறம் இருந்தது. காய்ந்த தாளால் உரஞ்சினாலோ நெருப்பால் சுட்டு உரித்தாலோ ஈயம் பறக்கும், பிள்ளையின் கைக்குப் போகும், கையிலிருந்து வாய்க்குப் போகும். ஈயம் பிள்ளைகளின் மூளை வளர்ச்சியைக் கெடுக்கும். அண்ணை வோட்டர் பேப்பரைத் தண்ணீரில் நனைத்துத்தான் உரஞ்சினார், வழிந்த சேற்றைத் துணியால் துடைத்துப் பைக்குள் போட்டார். அந்த மூன்று நாளும் பெறாமகனை நான் வீட்டுக்கு எடுக்கவில்லை. அவனுடைய விளையாட்டுச் சாமான் எல்லாம் பெட்டிக்குள்.

கரண்ட் வேலையில் ஒரு விஷயம். முதல் நாளே மெயின் பெட்டியில் ட்ரிப் சுவிச்சின், அதாவது கரண்ட் கசிந்தால் தானாக விழுந்து நிற்பாட்டுகிற சுவிச்சின், ரெஸ்ற் பொத்தானை அமத்திப் பார்த்தார். எங்களுடையது விழவில்லை. எத்தனை வருடமாகப் பழுதாய்க் கிடந்ததோ தெரியாது. ஈர நிலத்தில் மெசின் பிடிக்கிற வேலைக்கு அது இல்லாமல் தொடங்கமாட்டேன் என்றார். எலக்ரீசியனைக் கூப்பிட்டுப் புதிது போட்டோம். இதை வாசிக்கிறவர்கள் இப்பவே எழும்பிப் போய் உங்கள் வீட்டில் அந்தப் பொத்தானை ஒருக்கால் அமத்திப் பாருங்கள்.

கழிவுநீர்க் குழாய்க்கு ஒரு சின்னக் கான் வெட்டவேண்டி இருந்தது. அலவாங்கை எடுத்தவுடன் ஓங்கிக் குத்தாமல், மண்வெட்டியால் சுரண்டிச் சுரண்டித்தான் முதல் ஒரு அடியை எடுத்தார். ஏன் என்று கேட்டேன். வலிகாமம் வடக்கில் சனம் மீளக் குடியேறின காலத்தில் வேலை செய்தவராம். மயிலிட்டிப் பக்கம் ஒரு மலசலகூடக் குழி வெட்டும்போது அலவாங்கு இரும்பில் பட்ட சத்தம் கேட்டதாம். நிற்பாட்டி, எல்லோரையும் வெளியே எடுத்து, பொலிசுக்கு அறிவித்திருக்கிறார். "அண்டைக்கு ஓங்கிக் குத்தியிருந்தா இண்டைக்கு உங்களோட கதைச்சுக்கொண்டு நிக்கமாட்டன்." 1987 ஐப்பசியில் எங்கள் கோண்டாவிலுக்குள்ளேயே சண்டை நடந்தது. எங்கள் விறாந்தைத் தூணில் அப்பா பூசி மறைத்த துவாரங்கள் இன்னும் தெரியும். நான் அதற்குப் பிறகு அந்தக் கானைப் பற்றி அவசரப்படுத்தவில்லை.

குறைகளையும் எழுதத்தான் வேண்டும்.

காலில் போடுகிறது அவருடைய குழுவில் சரியில்லை. கைக்கு உறை, கண்ணுக்குக் கண்ணாடி எல்லாம் இருக்க, காலுக்கு இறப்பர்ச் செருப்பு. ஆறாம் நாள் ஒரு பொடியனுக்குப் பழைய சலாகையில் இருந்த ஆணி செருப்பைத் துளைத்து உள்ளங்காலில் ஏறிவிட்டது. "ஒண்டும் இல்லை ரீச்சர்" என்று மண்ணெண்ணெய் போடப் பார்த்தான். சவுக்காரம் போட்டுக் கழுவி, நானே கூட்டிக்கொண்டு போய் ஏற்பு ஊசி போடுவித்தேன். பள்ளிக்கூடத்தில் போட்டதற்குப் பிறகு ஊசி போட்டதாக அவனுக்கு நினைவில்லை. அடுத்த நாள் இரண்டு பேர் சப்பாத்தோடு வந்தார்கள், மூன்றாம் நாள் திரும்பவும் செருப்பு. சீமெந்துக் குழைவுக்குள் வெறுங்காலோடு நிற்பதும் அப்படித்தான். ஈரச் சீமெந்து தோலைத் தின்னும், நோவு தெரிய முன்னம் புண்ணாகிவிடும். அண்ணையிடம் இதை நேரே சொன்னேன். "சொல்லுறன் ரீச்சர், கேக்கிறாங்கள் இல்லை" என்றார். இந்தப் பதில் எனக்குப் போதாது. அடுத்த முறை சப்பாத்து இல்லாதவருக்கு அன்றைக்கு வேலை இல்லை என்று முதலே பேசப் போகிறேன், வாங்கிக் கொடுக்க வேண்டுமென்றால் வாங்கியும் கொடுப்பேன்.

இரண்டாவது, தண்ணீர் பீப்பா. பூச்சுக்குத் தண்ணீர் அடிக்க என்று குசினிப் பின்பக்கம் திறந்தபடி வைத்திருந்தார்கள். எட்டாம் நாள் எட்டிப் பார்த்தால் நுளம்புப் புழு நெளிகிறது. டெங்கு நுளம்பு முட்டையிலிருந்து பறக்க ஒரு கிழமை, பத்து நாள் போதும். ஆடி மாதம் மழை இல்லை என்று நினைக்கக் கூடாது, கட்டுகிற வீட்டில் எந்த மாதமும் தண்ணீர் இருக்கும். 2007 ஆம் ஆண்டின் நுளம்புப் பெருக்கத் தடைச் சட்டப்படி வழக்கு வருவது மேசனுக்கு இல்லை, காணிக்காரருக்கு. நான் சொன்ன உடனே பீப்பாவைக் காய்ந்த மணலில் கவிழ்த்து, உட்பக்கத்தைத் தேய்த்துக் கழுவி, அதற்குப் பிறகு மூடி போட்டார். சொல்ல முன்னம் செய்திருக்கலாம்.

மூன்றாவது, நாள். 12 நாள் என்று சொன்ன வேலை 19 நாள் எடுத்தது. நல்லூர்க் கொடியேற்றத்துக்கு முன்னம் வீட்டைக் கழுவி முடித்துவிடவேண்டும் என்று எனக்கு அந்தரம். வெளிநாட்டில் இருந்து அண்ணாவின் குடும்பமும் வருகிறது. ஒரு நாள் பொறுமை போய், "இன்னும் இரண்டு பேரைக் கூட்டிவந்து இரவிலயும் செய்யேலாதோ" என்று கேட்டேன். ஏணிக்கு மேலே நின்றபடி சொன்னார், "ஏணியில நிக்கிறவனை அவசரப்படுத்தாதேங்கோ ரீச்சர். இருட்டில ஒருத்தன் விழுந்தா, கொடியேத்தம் எனக்கும் இல்லை, உங்களுக்கும் இல்லை." கொடியேற்றத்துக்கு இரண்டு நாள் முன்னம் முடிந்தது. பின்னேரம் ஆறு மணிக்குப் பிறகு தொலைபேசியை எடுக்கமாட்டார் என்பதையும் சொல்லிவிடுகிறேன், அது கொஞ்சம் கரைச்சல்.

காசு என்று பார்த்தால், முதல் குழுவை விட ஆளுக்கு நாளொன்றுக்கு 500 ரூபா கூட. பொலித்தீன், ரேப், முகமூடி, மரத்தூள், ட்ரிப் சுவிச் எல்லாம் எங்கள் செலவு. நாளும் கூடினதால் மொத்தத்தில் நான் நினைத்திருந்ததை விட நல்லாவே ஏறிவிட்டது. வைகாசியில் ஆஸ்பத்திரி வாங்கில் இரண்டு இரவு இருந்து அம்மாவின் மூச்சை எண்ணினவள் நான். இந்தக் காசு எனக்குக் கூடத் தெரியவில்லை. 19 நாளில் அம்மா வழக்கமான காலை மாலைப் பம்மைத் தவிர மற்றப் பம்மைத் தொட்டது இரண்டே தரம். அதுவும் ஒன்று பக்கத்து வளவில் குப்பை எரித்த அன்று.

அம்மா வீட்டில் நின்ற நாளெல்லாம் பத்து மணிக்கு விறாந்தைப் பக்கத்தால் வந்து தேத்தண்ணியைக் கொண்டுபோய்க் கொடுப்பா. "மோனை, கையைக் கழுவிப்போட்டுக் குடி." அவர் கையைக் கழுவி, முகத்தைக் கழுவி, முகமூடியைக் கழற்றி ஆணியில் கொழுவிவிட்டுத்தான் குவளையை வாங்குவார். பொடியன்களும் அதைப் பார்த்துப் பழகிவிட்டார்கள்.

இனி ஐப்பசி மழைக்கு முன்னம் விறாந்தைப் பக்கத்து ஓடு மாற்றவேண்டும். பின் வளவில் குவித்துக் கிடக்கிற பழைய ஓட்டுக்குள் சுருட்டைப் பாம்பு இருக்கும் என்று அதைத் தொட முன்னம் நீளத் தடியால் கிளறவேண்டும் என்று இப்பவே சொல்லிவிட்டுப் போயிருக்கிறார். அவரையே கேட்டிருக்கிறேன், புரட்டாதி கடைசியில் வருவதாகச் சொன்னார். அம்மாவின் அறைக்கு அந்தப் பக்கம்தான் வாசல் என்பதால் இந்த முறை பத்து நாளும் அம்மா மானிப்பாயில். தங்கச்சி இப்பவே கட்டிலை ஒதுக்கிவிட்டாள். நான்கு சோடி சப்பாத்தின் அளவையும் எழுதி வைத்திருக்கிறேன்.